திப்பு சுல்தானின் வீட்டு மனிதர்கள்

1799-ம் ஆண்டு மே மாதம் 4-ந் தேதி இரவு. ஸ்ரீரங்கப்பட்டணம் கோட்டையின் வடக்குப் புறத்து வாசல் ஒன்றில், வெள்ளைக்கார அதிகாரிகள் தீவட்டி வெளிச்சத்தில் பிணங்களைப் புரட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்தக் குறுகலான இடத்தில் நூற்றுக்கணக்கானவர்கள் ஒருவர் மேல் ஒருவராகச் செத்துக் கிடந்தார்கள். முதலில் சுல்தானின் குதிரை கண்ணில் பட்டது. பிறகு அவருடைய பல்லக்கு. பல்லக்கின் அடியில் ஒருவர் பலத்த காயத்தோடு, ஆனால் உயிரோடு கிடந்தார்.

அவர் தளபதி அல்ல. மந்திரி அல்ல. சுல்தானுக்கு உறவும் அல்ல. வீட்டு வேலைக்காரர். ராஜா கான் என்று பெயர். தன் எஜமானர் எந்த இடத்தில் விழுந்தார் என்று காட்டிக் கொடுத்தவர் அவர்தான். அங்கே தேடினார்கள். திப்பு சுல்தானின் உடல் கிடைத்தது. உடலில் இன்னும் சூடு இருந்தது. உயிர் இருக்கிறதோ என்று கையைப் பிடித்து நாடி பார்த்தார்கள். இல்லை.

திப்பு சுல்தான் என்றதும் நமக்குப் புலி ஞாபகம் வரும். வாள் ஞாபகம் வரும். வெள்ளைக்காரனோடு போட்ட நான்கு சண்டைகள் ஞாபகம் வரும். அவரைப் பற்றிப் புகழ்ந்து எழுதியவர்களும் இருக்கிறார்கள், இகழ்ந்து எழுதியவர்களும் இருக்கிறார்கள். அந்த வழக்குக்கு நாம் இன்று போகவேண்டாம். அவர் வீட்டுக்குள் இருந்தவர்களைக் கொஞ்சம் பார்ப்போம். பல்லக்குத் தூக்கியவர்கள், கடிதம் எழுதியவர்கள், தோட்டக்காரர்கள், அந்தப்புரத்துப் பணிப்பெண்கள், புலிக்குத் தீனி போட்டவர்கள். ஒரு ராஜ்ஜியம் சரியும்போது வெளியில் இருப்பவனுக்குப் பீரங்கிச் சத்தம் கேட்ட பிறகுதான் தெரியும். வீட்டுக்குள் வேலை பார்ப்பவனுக்கு அதற்கு வெகு முன்பே தெரிந்துவிடும்.

சிவாஜிநகர் வாசகர்களுக்கு இந்தக் கதையில் ஒரு சொந்தமும் இருக்கிறது. அது கடைசியில் வரும்.

ஆற்காட்டுப் பெயர்

திப்பு பிறந்த ஊர் தேவனஹள்ளி. இன்று பெங்களூர் விமான நிலையம் இருக்கிறதே, அதற்குப் பக்கத்து ஊர். 1750-ம் ஆண்டு நவம்பர் 20-ந் தேதி பிறந்தார் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. தகப்பனார் ஹைதர் அலி. தாயார் பக்ருன்னிசா. ஆற்காட்டில் அடக்கமாகியிருந்த திப்பு மஸ்தான் என்ற மகானின் பெயரைத்தான் பிள்ளைக்கு வைத்தார்கள். மைசூர் சுல்தானின் பெயர் தமிழ்நாட்டில் இருந்து போன பெயர் என்பது நம்மில் பலருக்குத் தெரியாது.

ஹைதர் அலி படிக்கத் தெரியாதவர். சாதாரணச் சிப்பாய் குடும்பத்தில் இருந்து மேலே வந்தவர். மைசூர் ராஜா பெயருக்கு அரண்மனையில் இருக்க, அதிகாரத்தை எல்லாம் தன் கையில் எடுத்துக்கொண்டார். மகனுக்கு மட்டும் குறையில்லாமல் படிப்பு சொல்லி வைத்தார். 1780-ம் ஆண்டு காஞ்சீபுரம் பக்கத்தில் உள்ள பொள்ளிலூரில் கர்னல் பெய்லியின் படையைத் தகப்பனும் மகனும் சேர்ந்து அழித்தார்கள். அதில் பிடிபட்டவர்களில் டேவிட் பேர்டு என்ற வாலிப அதிகாரி ஒருவர். ஸ்ரீரங்கப்பட்டணத்துச் சிறையில் மூன்று வருஷத்துக்கு மேல் கிடந்தார். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இறந்தவருக்கு நடந்த பணிவிடை

1782-ம் ஆண்டு டிசம்பர் மாதம் 7-ந் தேதி ஹைதர் அலி சித்தூர் பக்கத்தில் பாளையத்தில் இறந்துபோனார். திப்பு அப்போது தூரத்தில், மலையாளக் கரையில் இருந்தார். சேதி வெளியே தெரிந்தால் படை கலைந்துவிடும். வேறு யாராவது பட்டத்துக்குக் கிளம்பிவிடுவார்கள். பூர்ணய்யா போன்ற அதிகாரிகள் ஒரு முடிவுக்கு வந்தார்கள். ஹைதர் சாகவில்லை.

உடலுக்கு வாசனைத் திரவியம் இட்டு, ஒரு பெட்டியில் வைத்து, விலை உயர்ந்த சாமான் போகிறது என்று சொல்லிக் கோலாருக்கு அனுப்பிவிட்டார்கள். பாளையத்தில் எல்லாம் வழக்கம்போல நடந்தது. திரை போட்ட பல்லக்கு படையோடு போயிற்று. அதற்குக் காட்டவேண்டிய மரியாதை எல்லாம் காட்டப்பட்டது.

சற்று யோசித்துப் பாருங்கள். மந்திரிகள் போட்ட திட்டம்தான். ஆனால் அதை நடத்திக் காட்டியவர்கள் யார்? காலிப் பல்லக்கை ஆள் இருப்பதுபோலத் தோள் கொடுத்துத் தூக்கியவர்கள். அதன் திரைக்குப் பக்கத்தில் குரலைத் தாழ்த்திப் பேசியவர்கள். அவர்களில் யாராவது ஒருவர் சாராயக் கடையில் வாயைத் திறந்திருந்தால் திப்புவுக்குப் பட்டம் கிடைத்திருக்குமா என்பது சந்தேகம். திப்பு அந்த மாதக் கடைசியில் வந்து சேர்ந்து பட்டம் ஏற்றார். அவருடைய ஆட்சியின் முதல் உதவி, பெயர் தெரியாத வேலைக்காரர்கள் செய்தது.

எல்லாம் ஒரு கையில்

திப்புவின் ஆட்சி எல்லா அதிகாரமும் ஒரே கையில் இருந்த ஆட்சி. அந்தக் காலத்து அரசர்கள் எல்லோருமே அப்படித்தான் என்றாலும் இவர் ஒரு படி மேல். கோட்டை, பட்டுப் பூச்சி, பீரங்கி, கப்பல், நிலவரி எதையும் பிறரிடம் விட்டுவிட மனம் வராது. தானே கடிதம் சொல்லுவார், தானே திருத்துவார். உடம்பு சரியில்லை என்று எழுதிய அதிகாரிக்கு இன்ன மருந்து சாப்பிடு என்று எழுதி அனுப்பியிருக்கிறார்.

குமாஸ்தாக்கள் பாடு திண்டாட்டம். சுல்தான் ஆண்டுக் கணக்கையே மாற்றினார். வருஷங்களுக்கும் மாதங்களுக்கும் புதுப் பெயர் வைத்தார். சில வருஷம் கழித்து அந்தப் பெயர்களையும் மாற்றினார். புதுக் கணக்குக்கு மவுலூதி என்று பெயர். அந்தக் கணக்கில் அடித்த நாணயங்களில் ஆண்டின் எண்ணை வலமிருந்து இடமாகப் படிக்கவேண்டும். காலையில் கச்சேரிக்குப் போய் உட்காரும் எழுத்தர் இன்று என்ன தேதி என்று போட்டால் சரி என்று யோசித்திருப்பார்! ஆபீசில் புது மானேஜர் வந்து பாரம் எல்லாவற்றையும் மாற்றும்போது நாம் படுகிற அவஸ்தை ஞாபகம் வருகிறது.

அந்த நாளில் பெங்களூர் கோட்டைக்குள் மரத்தால் ஆன மாளிகை ஒன்று எழுந்தது. ஹைதர் தொடங்கியது; திப்பு 1791-ம் ஆண்டு முடித்தது. சிவாஜிநகரில் பஸ் ஏறி மார்க்கெட்டில் இறங்கினால் நடந்து போய்ப் பார்த்துவிடலாம். மேல்மாடத்தில் சுல்தான் உட்கார்ந்து தர்பார் நடத்தும் இடம். மூலைகளில் சிறு சிறு அறைகள், அந்தப்புரம். எஜமானர் வீட்டை அனுபவிக்கக் காலம் விடவில்லை. 1791-ம் ஆண்டு மார்ச் மாதம் 21-ந் தேதி இரவு காரன்வாலிஸ் பிரபுவின் படை பெங்களூர் கோட்டையைப் பிடித்தது. கோட்டையைக் காத்த பகதூர் கான் சண்டையில் மாண்டார்.

இரண்டு பிள்ளைகள்

1792-ம் ஆண்டு பிப்ரவரியில் காரன்வாலிஸ் ஸ்ரீரங்கப்பட்டணத்தையே முற்றுகையிட்டார். தீவில் லால்பாக் என்ற தோட்டம் இருந்தது. நம் ஊர் லால்பாக் அல்ல, அங்கே ஒரு லால்பாக். சுல்தான் ஆசையாக வளர்த்த மரங்களை வெள்ளைக்காரப் படை வெட்டி, முற்றுகைக்கு வேண்டிய கட்டுகளாகக் கட்டிக்கொண்டது. தோட்டத்து மாளிகை ஆஸ்பத்திரி ஆயிற்று. ஹைதர் காலம் முதல் தண்ணீர் ஊற்றிய தோட்டக்காரர்கள் பார்த்துக்கொண்டு நின்றிருப்பார்கள்.

சமாதானம் பேசினார்கள். பாதி ராஜ்ஜியம் போயிற்று. 3 கோடியே 30 லட்சம் ரூபாய் தண்டம். அது தீரும்வரை இரண்டு மகன்களைப் பிணையாகத் தரவேண்டும். அப்துல் காலிக்குக்கு வயது 10, முயிசுதீனுக்கு 8. பிப்ரவரி 26-ந் தேதி யானை மேல் ஏற்றி அனுப்பினார்கள். காரன்வாலிஸ் பிரபு பிள்ளைகளைக் கட்டி அணைத்து, ஆளுக்கு ஒரு தங்கக் கடிகாரம் கொடுத்தார். இந்தக் காட்சியை வெள்ளைக்கார ஓவியர்கள் பலர் படமாக எழுதிப் பணம் பார்த்தார்கள். அந்தப் படங்களில் ஓரத்தில் பிள்ளைகளோடு வந்த பரிவாரமும் இருக்கும். முகம் தெளிவாக இருக்காது.

பிள்ளைகள் சென்னைக்குப் போனார்கள். இரண்டு வருஷம் கழித்து, 1794-ம் ஆண்டு, தகப்பன் பிறந்த அதே தேவனஹள்ளியில் திரும்ப ஒப்படைக்கப்பட்டார்கள்.

தோல்விக்குப் பிறகு சுல்தான் கட்டிலில் படுப்பதை விட்டுவிட்டார், முரட்டுத் துணியைத் தரையில் விரித்துப் படுத்தார் என்று கிர்மானி என்ற சரித்திரக்காரர் எழுதியிருக்கிறார். அவர் திப்புவிடம் வேலை பார்த்தவர். வீட்டில் அன்றைக்கு வந்த மாறுதல் இதுதான். சபையில் சுல்தான் என்ன பேசினாலும் பேசட்டும். ராத்திரியில் மெத்தையைச் சுருட்டி மூலையில் வைத்துவிட்டு முரட்டுத் துணியை விரித்த வேலைக்காரனுக்குத் தெரியும், நாம் தோற்றுவிட்டோம் என்று.

புலி கட்டிய நடை

திப்பு இறந்த மறு வருஷம், 1800-ல், பிரான்சிஸ் புக்கானன் என்ற டாக்டர் கம்பெனி உத்தரவின்பேரில் மைசூர் ராஜ்ஜியத்தைச் சுற்றிப் பார்த்து எழுதினார். அரண்மனையின் உள்ளமைப்பை அவர் எழுதி வைத்தது நல்லதாயிற்று. இன்று அங்கே இடிந்த அடிச்சுவர்களைத் தவிர வேறு ஒன்றும் இல்லை.

உள்ளே போகும் நடையில் புலிகளைச் சங்கிலியில் கட்டியிருந்தார்கள். அவை பழகிய புலிகள்தான். ஆனால் கலவரம் என்று வந்தால் பழக்கம் பறந்துவிடும். அதைத் தாண்டினால் சுல்தான் உட்கார்ந்து எழுதும் கூடம். மீர் சாதிக்கைப் போல வெகு சிலர்தான் அங்கே வரலாம். அதற்குப் பின்னால் படுக்கை அறை. கதவுக்கு உள்பக்கம் பலமான தாழ்ப்பாள். ஜன்னல்களுக்கு நெருக்கமான இரும்புக் கம்பி. படுக்கை, கூரையில் இருந்து சங்கிலியில் தொங்கும் தூளி. ஜன்னல் வழியாக யாரும் சுட்டுவிடாதபடி, வெளியில் இருந்து பார்த்தால் தெரியாத இடத்தில் அது தொங்கியது. தூளிக்குள் ஒரு வாளும், மருந்து கெட்டித்த இரண்டு கைத்துப்பாக்கிகளும் இருந்தன.

கிர்மானி தரையில் படுத்தார் என்கிறார். புக்கானன் தொங்கும் தூளி என்கிறார். இரண்டும் வெவ்வேறு காலத்தில் நடந்திருக்கலாம். எதுவானாலும், மெத்தையில் நிம்மதியாகத் தூங்கும் மனுஷன் அல்ல அவர்.

இந்த ஏற்பாடுகள் எல்லாம் கம்பெனிப் படைக்காகச் செய்தவை அல்ல. கம்பெனிப் படை படுக்கை அறை ஜன்னலுக்கு வந்து எட்டிப் பார்க்காது. ஜன்னலுக்கு வெளியே நடமாடுகிறவர்கள் வீட்டு ஆட்கள்தான். தினமும் தண்ணீர் கொண்டு வருபவன், விளக்கு ஏற்றுபவன், காவல் நிற்பவன் எல்லோரையும் சந்தேகப்பட்டுச் செய்த பூட்டு அது. அவர்களும் அதைத் தெரிந்துகொண்டுதான் புலிகளைத் தாண்டிப் போய் வந்திருப்பார்கள்.

எழுதும் கூடத்தில் இருந்து இன்னொரு வழி அந்தப்புரத்துக்குப் போயிற்று. ஹைதரின் அந்தப்புரமும் திப்புவின் அந்தப்புரமும் சேர்ந்து சுமார் 600 பெண்கள். எல்லோரும் ராணிகள் என்று நினைத்துவிடக்கூடாது. பெரும்பாலோர் பணிப்பெண்கள். சமைத்தவர்கள், துணி மடித்தவர்கள், குழந்தை வளர்த்தவர்கள். வெளி உலகத்தைக் காணாமல் உள்ளேயே கிழவியானவர்கள் பலர்.

அதே ஊரில் இன்னொரு குடும்பமும் காவலில் இருந்தது. பழைய மைசூர் ராஜ வம்சம். 1796-ல் ராஜா சாமராஜ உடையார் இறந்தபோது திப்பு வேறு யாரையும் பெயருக்குக்கூட அமர்த்தவில்லை. அவர்களுடைய அரண்மனைச் சாமான்களை எடுத்துக்கொண்டு, குடும்பத்தை ஒரு சாதாரண வீட்டுக்கு மாற்றினார்கள். ராணி லட்சுமம்மண்ணியும் அவரோடு இருந்த சில வேலைக்காரர்களும் அங்கே நாட்களை எண்ணிக்கொண்டிருந்தார்கள்.

மறைத்து வைத்த நோட்டு

சுல்தானுக்கு மிகவும் நெருக்கமாக வேலை பார்த்தவர்களில் ஒருவர் முன்ஷி ஹபீபுல்லா. கடிதம் எழுதும் உத்தியோகம். சுல்தான் இறந்த பிறகு, அரண்மனைக் காகிதங்களைச் சோதித்த கர்னல் கிர்க்பாட்ரிக், ரகசியக் காகிதங்களுக்கு நடுவில் ஒரு சின்ன நோட்டைக் கண்டெடுத்தார். திப்பு தன் கைப்பட எழுதியது. தான் கண்ட கனவுகளை எழுதி வைத்திருந்தார். மொத்தம் 37 கனவுகள். அது இப்போது லண்டனில் இருக்கிறது.

நோட்டு அகப்பட்டபோது ஹபீபுல்லாவும் அங்கே நின்றார். இப்படி ஒன்று இருக்கிறது என்று அவருக்குத் தெரியும். ஆனால் ஒருநாளும் பார்த்ததில்லை. சுல்தான் அதில் எழுதும்போதோ படிக்கும்போதோ யாராவது கிட்டே வந்தால் அவசரமாக மறைத்துவிடுவார் என்று அவர் சொன்னார்.

சுல்தானின் கடிதங்கள் எல்லாம் முன்ஷியின் கண் வழியாகத்தான் போகும். எந்த நாட்டுக்குத் தூது போகிறது, எந்தப் படை எங்கே நிற்கிறது, எல்லாம் அவருக்குத் தெரியும். சுல்தானுக்குத் தூக்கத்தில் என்ன வந்தது என்பது மட்டும் தெரியாது. வெள்ளைக்காரன் அலமாரியை உடைத்த பிறகுதான் எஜமானரின் நெஞ்சுக்குள் இருந்ததை அவர் பார்த்தார்.

திட்டிவாசல் பக்கத்தில்

உதவிக்குப் பிரெஞ்சுக்காரன் வருவான் என்று திப்பு காத்திருந்தார். மொரீஷியஸ் தீவுக்குத் தூது அனுப்பினார். 1798-ம் ஆண்டு ஏப்ரலில் மங்களூரில் வந்து இறங்கியவர்கள் நூறு பேர்கூட இல்லை. அதையே சாக்காக வைத்து வெல்லெஸ்லி பிரபு படை எடுத்தார்.

1799-ம் ஆண்டு மார்ச் 27-ந் தேதி மளவள்ளியில் தோல்வி. ஏப்ரல் 5-ந் தேதி ஜெனரல் ஹாரிஸ் ஸ்ரீரங்கப்பட்டணத்துக்கு எதிரே பாளையம் இறங்கினார்.

முற்றுகை நெருங்கியதும் சுல்தான் அரண்மனையை விட்டு, மதிலோரம் குடி வந்துவிட்டார். கலலே திட்டி என்று ஒரு சிறு வாசல். நாம் திட்டிவாசல் என்கிறோமே, அதேதான் கன்னடத்தில் திட்டி. அங்கே இருந்த சின்னக் கல்மண்டபத்துக்குத் திரை கட்டி மறைத்தார்கள். அதுதான் மைசூர் சுல்தானின் வீடு. பக்கத்தில் வேலைக்காரர்களுக்கும் சாமான்களுக்கும் நான்கு சின்னக் கூடாரங்கள். தலைக்கு மேல் குண்டு பறக்க, அங்கேதான் அடுப்பு மூட்டினார்கள், தண்ணீர் காய வைத்தார்கள், சாப்பாடு பரிமாறினார்கள்.

600 பேர் கொண்ட வீடு நான்கு கூடாரமாகச் சுருங்கிவிட்டது. கடைசிவரை கூட நின்றவர்கள் அந்தக் கூடாரத்து ஆட்கள். பெரிய உத்தியோகஸ்தர்களில் சிலர் அதற்குள் எதிரியோடு பேச்சு வைத்துவிட்டார்கள் என்று அப்போதே பேசிக்கொண்டார்கள். மீர் சாதிக் துரோகி என்று சொல்லி சுல்தானின் சிப்பாய்களே அவரைக் கொன்றார்கள் என்பது பிரசித்தமான கதை.

எண்ணெயில் பார்த்த முகம்

மே 4-ந் தேதி காலையில் ஜோசியர்கள் நாள் சரியில்லை என்றார்கள். திப்பு அரண்மனைக்குப் போய்க் குளித்துவிட்டுப் பிராமணர்களுக்குத் தானம் செய்தார். ஒரு யானை, ஒரு கறுப்புக் காளை, எருமை, ஆடு, கறுப்புத் துணியில் சட்டையும் குல்லாயும், கொஞ்சம் பணம். ஒரு இரும்புச் சட்டி நிறைய எண்ணெய். சட்டியைக் கொடுக்கும் முன் குனிந்து அந்த எண்ணெயில் தன் முகத்தைப் பார்த்துக்கொண்டார். நம் ஊர்ப் பக்கத்தில் சனி தோஷத்துக்குச் செய்கிற அதே பரிகாரம். சட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றவன் கை நடுங்கியிருக்கும்.

மத்தியானம் மதிலோரத்து மண்டபத்தில் சாப்பிட உட்கார்ந்தார். பாதிச் சாப்பாட்டில், நம்பிக்கைக்குரிய தளபதி சையத் கபார் குண்டு பட்டு இறந்த செய்தி வந்தது. கையைக் கழுவினார். குதிரை ஏறினார். மணி ஒன்று. எதிரிகள் மதில் பிளந்த இடத்தில் ஏறிவிட்டார்கள். ஏறியவர்களுக்குத் தலைமை யார் தெரியுமா? அந்த ஊர்ச் சிறையில் கிடந்த அதே டேவிட் பேர்டு.

அதற்கு மேல் நடந்தது பெரும்பாலும் ராஜா கான் சொல்லித்தான் உலகத்துக்குத் தெரியும். வடக்கு வாசலுக்குள் நெருக்கடி. சுல்தானுக்குக் காயத்துக்கு மேல் காயம். குதிரை விழுந்தது. ராஜா கான் அவரைத் தூக்கிப் பல்லக்கில் வைத்தார். நீங்கள் யார் என்று வெள்ளைக்காரர்களிடம் சொல்லிவிடுங்கள், உயிராவது மிஞ்சும் என்று கெஞ்சினார். சுல்தான் அதட்டி அடக்கிவிட்டார். ஒரு சிப்பாய் வந்து இடுப்பில் இருந்த வாள்வாரைப் பிடித்து இழுத்தான். விழுந்து கிடந்தபடியே சுல்தான் வாளை வீசி அவன் முழங்காலில் வெட்டினார். அவன் துப்பாக்கியை எடுத்து நெற்றிப்பொட்டில் சுட்டான். வெட்டியது யார், சுட்டது யாரை என்று அவனுக்கே தெரியாது. பக்கத்தில் விழுந்து கிடந்த வேலைக்காரருக்குத்தான் தெரியும்.

வருஷக்கணக்கில் வேலைக்காரர்களைச் சந்தேகப்பட்டுக் கதவைத் தாழிட்டுப் படுத்தவர் அவர். கடைசி நேரத்தில் பக்கத்தில் இருந்தது ஒரு வேலைக்காரர்.

பசித்த புலிகள்

சாயங்காலம் மேஜர் ஆலன் வெள்ளைக் கொடியோடு அரண்மனைக்குள் போனார். இளவரசர் முயிசுதீன் கம்பளத்தின் மேல் உட்கார்ந்திருந்தார். சுற்றிலும் பணியாட்கள். எட்டு வயதில் பிணையாகப் போன பிள்ளைக்கு இப்போது பதினைந்து. வெளியே வெறி பிடித்த சிப்பாய்கள். கதவைத் திறந்தால் என்ன ஆகுமோ என்று எல்லோருக்கும் பயம். உயிருக்கு ஆபத்தில்லை என்று ஆலன் உறுதி கொடுத்த பிறகு கதவு திறந்தது. சுல்தான் அரண்மனையில் இல்லை, வடக்கு வாசலில் விழுந்ததாகக் கேள்வி என்று கோட்டைக் கிலேதார் சொன்னார். அதற்குப் பிறகு நடந்ததுதான் நாம் முதலில் பார்த்த தீவட்டிக் காட்சி.

அன்று இரவு ஊரைக் கொள்ளை அடித்தார்கள். மறுநாள் ஆர்தர் வெல்லெஸ்லி ஊர்ப் பொறுப்பை ஏற்றார். பிற்பாடு வெல்லிங்டன் பிரபு ஆகி, நெப்போலியனை வாட்டர்லூவில் தோற்கடித்தவர் இவர்தான். பொறுப்பு ஏற்ற அன்றே அவர் ஜெனரலுக்கு எழுதிய விஷயங்களில் ஒன்று புலிகள். அவற்றுக்குத் தீனி இல்லை, பார்த்துக்கொள்ள ஆள் இல்லை, மூர்க்கமாகிக்கொண்டு வருகின்றன. உடனே யாரையாவது அனுப்புங்கள், இல்லாவிட்டால் சுட்டுவிட வேண்டியதுதான் என்று எழுதினார். புலிக்காரர்கள் ஓடியிருப்பார்கள், அல்லது செத்திருப்பார்கள்.

அதே 5-ந் தேதி சாயங்காலம் சுல்தானின் சவ ஊர்வலம் புறப்பட்டது. வெள்ளைக்காரப் படை மரியாதையோடு கூட நடந்தது. பாடையைச் சுமந்தவர்கள் சுல்தானின் சொந்த வேலைக்காரர்கள். தெருவின் இரண்டு பக்கமும் ஜனங்கள் விழுந்து அழுதார்கள். லால்பாக்கில் ஹைதர், பக்ருன்னிசா சமாதிகளுக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள். அடக்கம் முடிந்ததும் இடி மின்னலோடு பெருமழை. மின்னல் தாக்கி வெள்ளைக்காரப் பாளையத்திலும் சிலர் செத்தார்கள்.

வேலூருக்கும் பெங்களூருக்கும்

பூர்ணய்யா புதிய ராஜாவுக்குத் திவான் ஆனார். ஐந்து வயதுக் குழந்தை கிருஷ்ணராஜ உடையாருக்கு ஜூன் 30-ந் தேதி பட்டம் கட்டினார்கள். பெரியவர்களுக்கு இப்படி ஏதாவது ஒரு வழி பிறந்துவிடும். வீட்டு ஆட்களுக்கு?

இளவரசர்களை வேலூர் கோட்டைக்கு அனுப்பினார்கள். 1802-ல் அந்தப்புரத்துப் பெண்களையும் அங்கே கொண்டு போனார்கள். கம்பெனி மானியம் கொடுத்தது. எஜமானர்கள் போன இடத்துக்கு வேலைக்காரர்களும் போனார்கள். சுமார் 3,000 மைசூர்க்காரர்கள் வேலூரிலும் அக்கம்பக்கத்திலும் வந்து குடியேறினார்கள் என்று அந்தக் கால அறிக்கைகளில் இருக்கிறது. கன்னடமும் உருதுவும் பேசிக்கொண்டு மலை இறங்கி வந்த அவர்களைத் தமிழ் ஊர் ஏற்றுக்கொண்டது.

1806-ம் ஆண்டு ஜூலை 9-ந் தேதி வேலூர் கோட்டையில் சுல்தானின் மகள் ஒருத்திக்குக் கல்யாணம். அடுத்த நாள் விடியுமுன் சிப்பாய்கள் கிளர்ந்து எழுந்தார்கள். புதுத் தலைப்பாகைச் சட்டம்தான் காரணம். கோட்டையில் மைசூர்க் கொடி ஏறியது. ஆற்காட்டில் இருந்து கில்லெஸ்பி குதிரைப் படையோடு வந்து அதை அடக்கினார். நூற்றுக்கணக்கில் சிப்பாய்கள் கொல்லப்பட்டார்கள். விசாரணையில் இளவரசர்களின் வீட்டு வேலைக்காரர்கள் பெயரும் அடிபட்டது. இளவரசர்களைக் கல்கத்தாவுக்குக் கப்பல் ஏற்றினார்கள். பெண்கள் வேலூரிலேயே இருந்துவிட்டார்கள். சுல்தானின் பேகம் பாதுஷா பேகம் 1834-ல் இறந்தார். அவருடைய சமாதியும், ஹைதரின் பேகம் பக்ஷி பேகத்தின் சமாதியும் வேலூரில் இருக்கின்றன. பணிப்பெண்களின் சமாதிகளும் சுற்றிலும் இருக்கும். பெயர் இல்லை.

இனி நம் சொந்தம். ஸ்ரீரங்கப்பட்டணத்தில் தங்கிய கம்பெனிப் படையைக் காய்ச்சல் வாட்டியது. சிப்பாய்கள் கொத்துக் கொத்தாகப் படுத்தார்கள். வேறு இடம் பார்த்து, 1809-ல் பெங்களூரில் அல்சூர் பக்கத்தில் தண்டு அமைத்தார்கள். அது சென்னை ராஜதானியின் படை. அதோடு வந்தவர்கள் வட ஆற்காடு, செங்கல்பட்டு, சேலம் பக்கத்துத் தமிழர்கள். சிப்பாய்கள் மட்டும் அல்ல. பட்லர், சமையல்காரர், வண்ணார், குதிரைக்காரர், ஆயா, சாமான் சப்ளை செய்த முதலியார், கட்டிட மேஸ்திரி. அவர்கள் குடியிருந்த இடங்களில் பெரியது பிளாக்பள்ளி. இன்றைய சிவாஜிநகர்.

திப்புவின் வீடு உடைந்தபோது மைசூர்ச் சேவகர்கள் வேலூருக்கு இறங்கினார்கள். அந்த வீட்டை உடைத்த படைக்குச் சோறு சமைத்த நம்மவர்கள் சில வருஷத்தில் இங்கே ஏறி வந்தார்கள். ஆம்பூர், வாணியம்பாடி வழியாக வருகிற பாதையில் அந்த நாட்களில் இரண்டு கூட்டமும் எதிரெதிரே கடந்திருக்கலாம். மூட்டை, பாத்திரம், கைக்குழந்தை என்று இரண்டு பக்கமும் ஒரே மாதிரி சாமான்தான் இருந்திருக்கும்.